டிஎல்எல் எனும் பொதுச்சொத்து

விண்டோஸ் கணினியின் சி டிரைவில் 'விண்டோஸ்' ஃபோல்டரையும் அதற்குள் 'சிஸ்டம்32' ஃபோல்டரையும் திறந்தால் ஆயிரக்கணக்கான கோப்புகள் வரிசைகட்டி நிற்கும். அவற்றில் பெரும்பாலானவற்றின் பெயர் 'டிஎல்எல்' என்று முடியும். மவுஸால் இரண்டு முறை தட்டினாலும் எதுவும் திறக்காது. தாமாக ஓடத் தெரியாத கோப்புகள் இவை. ஆனால் இவை இல்லாமல் அந்தக் கணினியில் ஒரு கால்குலேட்டர்கூட ஓடாது.

மென்பொருள் எழுதுபவர் எல்லா வேலைக்கும் தானே நிரல் எழுதிக்கொண்டிருப்பதில்லை. கோப்பைத் திறப்பது, திரையில் எழுத்தைக் காட்டுவது, தரவைச் சுருக்குவது, இணையத்தில் பூட்டுப்போட்டுப் பேசுவது எல்லாம் எந்த மென்பொருளுக்கும் பொதுவான வேலைகள். இவற்றை ஒருமுறை எழுதித் தனிக் கோப்பாக வைத்துவிட்டால், வேண்டியவர்கள் வேண்டும்போது அழைத்துக்கொள்ளலாம். கல்யாணச் சமையலுக்காக வீட்டுக்கு வீடு அண்டா வாங்கி அடுக்குவதில்லை அல்லவா? பாத்திரக் கடையில் பெயரைச் சொல்லிக் கேட்டு வாங்கி வருகிறோம். லைப்ரரி என்று நிரலாளர்கள் அழைக்கும், டிஎல்எல் போன்ற பொதுக் கோப்புகளின் ஏற்பாடும் அதுதான்.

இந்த ஏற்பாடு வந்ததற்கு அன்றைய நினைவக நெருக்கடி ஒரு காரணம். 1985 நவம்பரில் வெளியான முதல் விண்டோஸ் 256 கேபி நினைவகத்துக்குள் ஓட வேண்டியிருந்தது. இன்று கைபேசியில் எடுக்கும் ஒரு புகைப்படமே அதைப்போலப் பல மடங்கு பெரிது. அவ்வளவு சிறிய இடத்தில் ஒவ்வொரு செயலியும் தனக்கென ஒரு நகலை வைத்துக்கொண்டால் கட்டுப்படியாகாது. ஒரே நகலை நினைவகத்தில் ஏற்றி எல்லோருக்கும் காட்டினார்கள். இன்று நினைவகம் மலிந்துவிட்டது. இருந்தாலும் பகிர்வு தொடர்வதற்கு இன்னொரு நன்மை உண்டு: லைப்ரரியில் ஓட்டை கண்டுபிடிக்கப்பட்டால் அந்த ஒரு கோப்பை மாற்றினால் போதும், அதை நம்பியிருக்கும் அத்தனை செயலிகளும் சரியாகிவிடும். லினக்ஸிலும் இதே ஏற்பாடுதான். அங்கே கோப்பின் பெயர் 'எஸ்ஓ' என்று முடியும்.

ஒரு டிஎல்எல் கோப்பை நோட்பேடில் திறந்து பாருங்கள். கிறுக்கல்களாகத்தான் தெரியும். ஆனால் முதல் இரண்டு எழுத்துகள் எப்போதும் எம், இசட். டாஸ் காலத்தில் இந்தக் கோப்பு வடிவத்தை வகுத்த மைக்ரோசாஃப்ட் பொறியாளர் மார்க் ஸ்பிகோவ்ஸ்கியின் பெயரெழுத்துகள் அவை. கொஞ்சம் தள்ளி, இந்த நிரல் டாஸில் ஓடாது என்று ஆங்கிலத்தில் ஒரு வரி தெரியும். அதற்கும் கீழே கண்ணுக்குப் புலப்படாமல் இரண்டு பட்டியல்கள் இருக்கின்றன. 'என்னிடம் இன்னின்ன வேலைகள் கிடைக்கும்' என்பது ஏற்றுமதிப் பட்டியல். 'எனக்கு இன்னின்ன கோப்புகளிலிருந்து இன்னின்ன வேலைகள் வேண்டும்' என்பது இறக்குமதிப் பட்டியல்.

செயலி ஒன்றை நாம் திறக்கும்போது லோடர் என்ற இயங்குதளப் பகுதி அதன் இறக்குமதிப் பட்டியலைப் படிக்கிறது, கேட்ட கோப்புகளைத் தேடிப்பிடித்து நினைவகத்தில் ஏற்றுகிறது, கேட்டவனையும் கொடுப்பவனையும் கோத்துவிடுகிறது. இதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். செயலி கேட்பது பெயரைத்தான். விண்டோஸின் மிக முக்கியமான சில கோப்புகளுக்கு மட்டும் விதிவிலக்கு உண்டு. மற்றபடி, முழு முகவரி சொல்லாமல் பெயரை மட்டும் சொன்னால் லோடர் முதலில் செயலி இருக்கும் ஃபோல்டரில் தேடும், பிறகுதான் சிஸ்டம்32 பக்கம் போகும். அதே பெயரில் வேறொரு கோப்பை முதல் இடத்தில் போட்டு வைத்தால் அதுவே ஏறிவிடும். வைரஸ் எழுதுபவர்கள் இந்த வழியைப் பல வருடங்களாகப் பயன்படுத்துகிறார்கள்.

காவலாளி உள்ளே உட்கார்ந்தால்

கணினியின் உடல்நிலையையும் பாதுகாப்பையும் கண்காணிக்கும் மென்பொருள்களுக்கு டிஎல்எல் மிகவும் வசதியானது. வெளியில் நின்று பார்த்தால் ஒரு செயலி ஓடுவது தெரியும், அது உள்ளே என்ன செய்கிறது என்பது தெரியாது. டிஎல்எல்லாக மாறி அந்தச் செயலிக்குள்ளேயே ஏறிக்கொண்டால் எல்லாம் தெரியும்.

2015இல் விண்டோஸ் 10 உடன் வந்த 'ஆம்சி.டிஎல்எல்' இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. பவர்ஷெல் போன்ற கருவிகளில் ஓடும் ஸ்கிரிப்ட்களை விஷமத்துக்காக எழுதுபவர்கள், ஆன்டிவைரஸின் கண்ணில் படாமலிருக்கக் கட்டளைகளைக் குழப்பிச் சுருட்டி அனுப்புவார்கள். எப்படிச் சுருட்டினாலும் ஓடும் நேரத்தில் பிரித்தே ஆக வேண்டும். பிரிந்த அந்தக் கணத்தில் பவர்ஷெல் அந்த வரிகளை ஆம்சியிடம் நீட்டுகிறது. ஆம்சி அதை அந்தக் கணினியில் உள்ள ஆன்டிவைரஸிடம் காட்டி, ஓட்டலாமா கூடாதா என்று கேட்டுச் சொல்கிறது. பல பாதுகாப்பு மென்பொருள்கள் இன்னும் ஒரு படி மேலே போய், எல்லாச் செயலிக்குள்ளும் தங்கள் டிஎல்எல் ஒன்றை நுழைத்து, இயங்குதளத்தின் 'என்டிடிஎல்எல்' கோப்பில் உள்ள முக்கியமான வேலைகளின் வாசலில் ஒரு திருப்புப்பலகை வைத்துவிடுகின்றன. கோப்பைத் திற, நினைவகத்தை ஒதுக்கு என்று யார் எதைக் கேட்டாலும் காவலரைத் தாண்டித்தான் போக வேண்டும்.

சிக்கலும் இங்கேதான். காவலாளி உட்கார்ந்திருப்பது காவல் காக்க வேண்டியவனின் வீட்டுக்குள். ஒரு செயலிக்குள் ஏறிய டிஎல்எல் அந்தச் செயலியின் நினைவகத்தில்தான் இருக்கிறது. தன் நினைவகத்தைத் திருத்த அந்தச் செயலிக்கு உரிமை உண்டு. ஆம்சியின் சோதனை வேலை தொடங்கும் இடத்தில் ஆறே பைட்டுகளை மாற்றி எழுதினால், அது எதையும் சோதிக்காமல் 'கேள்வியே தவறு' என்று சொல்லித் திரும்பிவிடும். பவர்ஷெல் அதைத் தடையாக எடுத்துக்கொள்ளாமல் ஸ்கிரிப்ட்டை ஓட்டிவிடும். வட்டில் உள்ள கோப்பில் ஒரு கீறலும் விழுந்திருக்காது. இந்தத் தந்திரம் பல ஆண்டுகளாக ஊரறிந்தது. ஆன்டிவைரஸ்கள் அந்த ஆறு பைட் மாற்றத்தையே தேடிப்பிடிக்கக் கற்றுக்கொண்டிருக்கின்றன.

காவலாளிக்கே நோய் வந்த கதையும் உண்டு. மைக்ரோசாஃப்ட் டிஃபெண்டரின் மூளை 'எம்பிஎன்ஜின்.டிஎல்எல்' என்ற கோப்பு. வருகிற மின்னஞ்சல், இறங்குகிற கோப்பு எல்லாவற்றையும் பிரித்துப் பார்ப்பது அதன் வேலை. 2017 மே மாதம் கூகுளின் ப்ராஜெக்ட் ஜீரோ குழுவைச் சேர்ந்த டேவிஸ் ஆர்மண்டியும் நடாலி சில்வனோவிச்சும் அதில் ஓர் ஓட்டையைக் கண்டுபிடித்தார்கள். விஷமம் செய்யும்படி எழுதிய ஒரு கோப்பை மின்னஞ்சலில் அனுப்பினால் போதும். பெறுபவர் அதைத் திறக்கவே வேண்டாம். டிஃபெண்டர் அதைச் சோதிக்கத் தொட்டவுடன் கணினியின் முழு அதிகாரமும் அனுப்பியவரின் கைக்குப் போகும். மைக்ரோசாஃப்ட் சில நாட்களுக்குள் திருத்தம் வெளியிட்டது. அந்த ஒரு கோப்பை மாற்றியதுமே உலகெங்கும் உள்ள கணினிகள் சரியாகின. பகிர்வின் ஆபத்தும் ஆதாயமும் ஒரே வாரத்தில் தெரிந்தன.

இவை கோப்பின் குறைகள். அடுத்து வருபவை நம்பிக்கையின் குறைகள்.

பெயரை நம்பியவர்கள்: நடன்ஸ், 2010

ஈரானின் நடன்ஸ் நகருக்கு அருகில் யுரேனியத்தைச் செறிவூட்டும் ஆலை இயங்கி வந்தது. அங்கே சுழலும் குழாய்களின் வேகத்தை மின் அதிர்வெண் மாற்றிகள் தீர்மானித்தன, அவற்றை சீமென்ஸ் நிறுவனத்தின் பிஎல்சி என்ற சிறு கட்டுப்பாட்டுக் கணினிகள் இயக்கின. பிஎல்சிக்குள் என்ன நிரல் ஓடுகிறது என்று பொறியாளர் பார்க்க வேண்டுமானால் விண்டோஸ் கணினியில் 'ஸ்டெப் 7' என்ற மென்பொருளைத் திறப்பார். அந்த மென்பொருளும் பிஎல்சியும் பேசிக்கொள்வது 'எஸ்7ஓடிபிஎக்ஸ்டிஎக்ஸ்.டிஎல்எல்' என்ற ஒற்றைக் கோப்பு வழியாக.

ஸ்டக்ஸ்நெட் என்று பின்னாளில் பெயர் பெற்ற நிரல் அந்தக் கோப்பின் பெயரில் ஓரெழுத்தை மாற்றி ஓரமாக வைத்துவிட்டு, பழைய பெயரில் தன் கோப்பை உட்கார வைத்தது. அசல் கோப்பின் ஏற்றுமதிப் பட்டியலில் 109 வேலைகள் இருந்தன. போலிக் கோப்பு அவற்றில் 93ஐ அப்படியே அசலிடம் தள்ளிவிட்டது. மீதி 16ஐ மட்டும் தன் கையில் வைத்துக்கொண்டது. பிஎல்சியில் நிரலை எழுதுவது, படிப்பது, பட்டியலிடுவது தொடர்பான வேலைகள் அவை. பொறியாளர் பிஎல்சியின் நிரலைப் படித்தால் ஸ்டக்ஸ்நெட் சேர்த்த பகுதிகளை நீக்கிவிட்டுச் சுத்தமான நிரலைக் காட்டும். அந்தப் பகுதிகளோ உள்ளே இருந்துகொண்டு அதிர்வெண்ணை 1410 ஹெர்ட்ஸுக்கு ஏற்றும், இன்னொரு சமயம் 2 ஹெர்ட்ஸுக்கு இறக்கும். குழாய்கள் உடைந்தன. திரையில் எல்லாம் நலம்.

அதைப் பிடித்தது ஆலையின் கண்காணிப்பு மென்பொருள் எதுவுமில்லை. ஈரானில் ஒரு வாடிக்கையாளரின் கணினி காரணமில்லாமல் திரும்பத் திரும்ப ரீபூட் ஆகிறது என்ற புகாரைத் துருவிய பெலாரஸ் நாட்டின் வைரஸ்பிளாக்அடா நிறுவனம் 2010 ஜூனில் அதைக் கண்டெடுத்தது.

முத்திரையை நம்பியவர்கள்: ஓரியான், 2020

பெயர் போதாது என்பது மென்பொருள் உலகம் முன்பே அறிந்ததுதான். அதற்காக வந்தது டிஜிட்டல் கையொப்பம். கோப்பை ஒரு கணக்கீட்டில் போட்டால் ஹாஷ் என்ற ஒரு எண் கிடைக்கும். கோப்பில் ஒரு புள்ளி மாறினாலும் எண் மாறிவிடும். தயாரிப்பாளர் தன் ரகசியச் சாவியால் அந்த எண்ணின்மேல் முத்திரை குத்துகிறார். இந்தக் கோப்பு இன்னாருடையது, முத்திரை குத்திய பிறகு யாரும் தொடவில்லை என்ற இரண்டு உறுதிகளை அது தருகிறது. முத்திரைக்கு முன் என்ன நடந்தது என்பதைப் பற்றி அது வாய் திறப்பதில்லை.

அமெரிக்காவின் ஆஸ்டின் நகரில் உள்ள சோலார்விண்ட்ஸ் நிறுவனத்தின் ஓரியான், பெரிய அலுவலகங்களின் நெட்வொர்க்கைக் கண்காணிக்கும் மென்பொருள். எந்த சர்வர் மூச்சுத் திணறுகிறது, எந்த வட்டு நிரம்புகிறது, எந்த ரூட்டர் படுத்துவிட்டது என்று பார்த்துச் சொல்வது அதன் வேலை. எல்லாவற்றின் உடல்நிலையையும் பார்க்க வேண்டுமென்பதால் எல்லாவற்றின் கதவும் அதற்குத் திறந்திருக்கும். ஊடுருவ நினைப்பவருக்கு இதைவிட நல்ல இடம் கிடைக்காது.

2019 செப்டம்பரில் சோலார்விண்ட்ஸுக்குள் நுழைந்தவர்கள் அவசரப்படவில்லை. 2020 பிப்ரவரியில், மென்பொருளைக் கட்டும் கணினியில் 'சன்ஸ்பாட்' என்று பிறகு பெயரிடப்பட்ட ஒரு சிறிய நிரலை வைத்தார்கள். நொடிக்கு ஒருமுறை கண் விழித்து, 'எம்எஸ்பில்ட்' ஓடுகிறதா என்று பார்ப்பது அதன் வேலை. நிரலாளர்கள் எழுதிய வரிகளை டிஎல்எல்லாக மாற்றும் கருவிதான் எம்எஸ்பில்ட். ஓடினால், கட்டப்படுவது ஓரியான்தானா என்று பார்க்கும். ஆமென்றால் 'இன்வென்டரிமேனேஜர்' என்ற மூலநிரல் கோப்பை எடுத்து வைத்துவிட்டு, சில வரிகள் கூடுதலாகச் சேர்த்த தன் கோப்பை அங்கே போடும். கட்டும் வேலை முடிந்ததும் அசலைத் திரும்ப வைத்துவிடும். மாற்றப்போகும் கோப்பு தான் எதிர்பார்த்த அதே பதிப்புதானா என்று முன்கூட்டியே ஹாஷ் எண்ணையும் சரிபார்த்துக்கொள்ளும். பதிப்பு பொருந்தாமல் பிழைச்செய்தி வந்து, எந்த நிரலாளராவது என்னவென்று எட்டிப் பார்த்துவிடக்கூடாதே! சேர்த்த வரிகளைச் சுற்றி, எச்சரிக்கைச் செய்திகளை அடக்கும் கட்டளையையும் போட்டிருந்தார்கள்.

இப்படிப் பிறந்த 'சோலார்விண்ட்ஸ்.ஓரியான்.கோர்.பிசினஸ்லேயர்.டிஎல்எல்' நிறுவனத்தின் சொந்த முத்திரையோடு வெளியே வந்தது. 2020 மார்ச் முதல் வாடிக்கையாளர்கள் அதை வழக்கமான அப்டேட்டாக இறக்கிக்கொண்டார்கள். நிறுவனத்தின் கணக்குப்படி ஏறத்தாழ 18,000 பேர் வரை அந்தப் பதிப்பை நிறுவியிருக்கலாம். ஜூன் மாதம், வேலை முடிந்தது என்று சன்ஸ்பாட்டை அவர்களே எடுத்துவிட்டார்கள்.

அந்த டிஎல்எல் கணினியில் ஏறியதும் இரண்டு வாரம் வரை சும்மா இருக்கும். பிறகு, சுற்றிலும் எந்தப் பாதுகாப்பு மென்பொருள் ஓடுகிறது என்று பார்க்கும். தேடும் பெயர்கள் நிரலுக்குள் பெயராக இல்லை, எல்லாம் ஹாஷ் எண்ணாக மாற்றி வைக்கப்பட்டிருந்தன. படித்துப் பார்ப்பவருக்கு எண்கள் மட்டுமே தெரியும். ஆபத்தில்லை என்று பட்டால் ஓரியான் தன் தலைமையகத்துக்கு வழக்கமாக அனுப்பும் செய்தியைப் போலவே வேடமிட்டு எசமானர்களோடு பேசத் தொடங்கும். அவர்களும் எல்லோர் வீட்டிலும் கை வைக்கவில்லை. வேண்டியவர்களை மட்டும் பொறுக்கினார்கள். 9 அமெரிக்க அரசுத் துறைகளும் ஏறத்தாழ 100 நிறுவனங்களும் பாதிக்கப்பட்டதாக வெள்ளை மாளிகை 2021 பிப்ரவரியில் அறிவித்தது. ஏப்ரலில் அமெரிக்காவும் பிரிட்டனும் ரஷ்ய வெளிநாட்டு உளவுத்துறையைக் குற்றம்சாட்டின. ரஷ்யா மறுத்தது.

கண்டுபிடித்தது ஃபயர்ஐ என்ற பாதுகாப்பு நிறுவனம். ஊழியர் ஒருவரின் கணக்கில் இரண்டாவது கைபேசி ஒன்று புதிதாகப் பதிவாகியிருந்தது. இது உங்களுடையதா என்று கேட்டார்கள். இல்லை என்றார். அந்தப் பதிலைப் பிடித்துக்கொண்டு போனவர்கள், தங்களிடமே ஓடிக்கொண்டிருந்த ஓரியானின் டிஎல்எல் வரை வந்து சேர்ந்தார்கள். 2020 டிசம்பர் 13 அன்று உலகுக்குச் சொன்னார்கள். அதே நாளில், ஓரியானின் இணைப்பைத் துண்டிக்குமாறு அரசுத் துறைகளுக்கு அமெரிக்க சைபர் பாதுகாப்பு முகமை உத்தரவிட்டது.

ஆளை நம்பியவர்கள்: எக்ஸ்இசட், 2024

மூலநிரலை எல்லோரும் படிக்கும்படி திறந்து வைத்தால் ஓரியானுக்கு நேர்ந்தது நடக்காது என்று சொல்பவர்கள் உண்டு. அவர்களுக்கான பாடம் 2024இல் வந்தது. 'லிப்எல்இசட்எம்ஏ' என்பது தரவைச் சுருக்கும் ஒரு லினக்ஸ் லைப்ரரி. 'எக்ஸ்இசட்' என்ற திட்டத்தின் பகுதி. ஃபின்லாந்தைச் சேர்ந்த லாசெ காலின் பல ஆண்டுகளாகச் சம்பளமில்லாமல் அதைப் பராமரித்து வந்தார். 2021 முதல் ஜியா டான் என்ற பெயரில் ஒருவர் ஒழுங்காகத் திருத்தங்கள் அனுப்பத் தொடங்கினார். வேலை மெதுவாக நடக்கிறது, பொறுப்பை யாரிடமாவது கொடுங்கள் என்று வேறு சில பெயர்களிலிருந்து நெருக்கடி வந்தது. ஜியா டான் மெல்ல இணைப் பராமரிப்பாளர் ஆனார். அந்தப் பெயருக்குப் பின்னால் இருப்பது யார் என்பது இன்றுவரை வெளிவரவில்லை.

2024 பிப்ரவரியில் வந்த 5.6.0 பதிப்பிலும் மார்ச்சில் வந்த 5.6.1 பதிப்பிலும் பின்கதவு இருந்தது. சோதனைக்கான கோப்புகள் என்ற பெயரில் விஷத்தை ஒளித்து வைத்திருந்தார்கள். அதை எடுத்துக் கட்டும் வரிகள் எல்லோரும் பார்க்கும் களஞ்சியத்தில் இல்லை, வெளியீட்டுக்காகப் பொதிந்த மூட்டையில் மட்டும் இருந்தன. குறி எஸ்எஸ்எச்: உலகின் லினக்ஸ் சர்வர்களுக்குத் தொலைவிலிருந்து உள்ளே போகும் வாசல். எஸ்எஸ்எச் சர்வருக்கும் சுருக்கும் லைப்ரரிக்கும் நேரடி உறவே கிடையாது. ஆனால் சில லினக்ஸ் பதிப்புகள், 'நான் நலமாக எழுந்து நிற்கிறேன்' என்று எஸ்எஸ்எச் சர்வர் சிஸ்டம்டி என்ற மேற்பார்வையாளரிடம் சொல்வதற்காக ஒரு லைப்ரரியைச் சேர்த்திருந்தன. அந்த லைப்ரரி தன் தேவைக்கு லிப்எல்இசட்எம்ஏவை இழுத்து வந்தது. உடல்நிலையை அறிவிக்கப் போட்ட கம்பி வழியாகத்தான் திருடன் ஏறினான்.

மைக்ரோசாஃப்ட்டில் போஸ்ட்கிரெஸ் தரவுத்தள மென்பொருளில் வேலை செய்யும் ஆண்ட்ரெஸ் ஃபிராயண்ட் வேறு ஏதோ அளவெடுத்துக்கொண்டிருந்தபோது, எஸ்எஸ்எச் லாகின் ஏன் இவ்வளவு சிபியுவைத் தின்கிறது என்று யோசித்தார். 0.3 நொடியில் முடிய வேண்டியது 0.8 நொடி எடுத்தது. அரை நொடிக் கணக்கு உதைக்கிறதே என்று துருவினார். 2024 மார்ச் 29 அன்று பின்கதவை அம்பலப்படுத்தினார். அப்போது அது டெபியனின் சோதனைப் பதிப்புகள், ஃபெடோராவின் முன்னோட்டப் பதிப்புகள் போன்றவற்றுக்குள் மட்டுமே நுழைந்திருந்தது. சில மாதங்கள் தாமதித்திருந்தால் உலகின் பெரும்பகுதி சர்வர்களுக்குப் போயிருக்கும்.

இரண்டாவது சாட்சி

மூன்று சம்பவங்களிலும் கண்காணிப்பு வேலையில் இருந்த கோப்பு, அல்லது அதற்குப் பக்கத்தில் இருந்த கோப்பு, சொன்னதை மற்றவர்கள் அப்படியே நம்பினார்கள். பெயர், முத்திரை, நீண்டகால உழைப்பாளி என்ற நற்பெயர் ஆகிய மூன்றும் தேவையான சான்றுகள்தான். தனித்தனியாக ஒவ்வொன்றையும் பொய்யாக்க முடியும் என்பதுதான் பாடம். அதனால் புதிய பாதுகாப்பு முறைகள் எல்லாம் இரண்டாவது சாட்சியைத் தேடுகின்றன.

மறுஉருவாக்கத்தக்க கட்டுமானம் அதில் ஒன்று. ஒரே மூலநிரலை வெவ்வேறு ஆட்கள் வெவ்வேறு கணினிகளில் கட்டினால் கடைசி பைட் வரை ஒரே கோப்பு வர வேண்டும். வராவிட்டால் நடுவில் யாரோ கை வைத்திருக்கிறார்கள். டெபியன் திட்டம் 2013 முதல் இதற்காக உழைக்கிறது. சோலார்விண்ட்ஸும் தாக்குதலுக்குப் பிறகு, தனித்தனிச் சூழல்களில் இணையாகக் கட்டி ஒப்பிடும் முறைக்கு மாறியது. இன்னொன்று, மென்பொருளுக்குள் எந்தெந்த லைப்ரரி எந்தப் பதிப்பில் இருக்கிறது என்ற பொருட்பட்டியல். 2021 மே மாத ஆணை மூலம் அமெரிக்க அரசு தனக்கு மென்பொருள் விற்பவர்களிடம் இதை எதிர்பார்க்கத் தொடங்கியது. இந்தியாவின் செர்ட்-இன் 2024இல் இதற்கான வழிகாட்டுதல்களை வெளியிட்டது. எக்ஸ்இசட் செய்தி வந்த அன்று, அந்தப் பட்டியல் வைத்திருந்தவர்கள் தங்களிடம் 5.6 இருக்கிறதா என்று சில நிமிடங்களில் பார்த்துவிட முடிந்திருக்கும். இல்லாதவர்கள் ஒவ்வொரு சர்வராகத் தேட வேண்டியதுதான்.

எத்தனை கருவிகள் வந்தாலும் ரீபூட் புகாரை ஒதுக்காதவர், இரண்டாவது கைபேசியைப் பற்றிக் கேட்டவர், அரை நொடியைப் பொறுக்காதவர் ஆகிய மூவர்தான் இந்த மூன்று வழக்குகளையும் உடைத்தார்கள். கணினித் துறையில் இருப்பவர்கள் 'எப்போதாவது அப்படி ஆகும்' என்று எதையும் தள்ளிவிடாமல் இருப்பது நல்லது.

வீட்டுக் கணினி வைத்திருப்பவருக்கும் ஒரு வார்த்தை. புதிதாக ஒரு கேமையோ மென்பொருளையோ திறக்கும்போது 'எம்எஸ்விசிபி140.டிஎல்எல் காணவில்லை' என்பது போன்ற செய்தி வந்தால், அந்தப் பெயரைத் தேடி ஏதோ ஒரு தளத்திலிருந்து கோப்பைத் தனியாக இறக்கி சிஸ்டம்32இல் போடாதீர்கள். கேட்கும் பெயரில் கோப்பு கிடைத்துவிடும், அதற்குள் என்ன இருக்கிறது என்பதற்கு யாரும் பொறுப்பில்லை. அந்தக் கோப்பு மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி++ தொகுப்பைச் சேர்ந்தது. மைக்ரோசாஃப்ட்டின் தளத்திலிருந்து அந்தத் தொகுப்பையே நிறுவுங்கள். மற்ற டிஎல்எல்களுக்கும் இதே விதிதான்: தயாரித்தவரிடமிருந்து மட்டுமே வாங்குங்கள்.